கால்வாய்க்கரை வரலாறு – 14: சிறுசேரிக்கு வந்த கணக்கு

பக்கிங்காம் கால்வாயின் தெற்கு முனை மரக்காணம். ஆந்திரக் கரையிலிருந்து கடலை ஒட்டியே இறங்கி வரும் கால்வாய் எண்ணூர், சென்னை, முட்டுக்காடு, கோவளம், சதுரங்கப்பட்டினம் எல்லாவற்றையும் கடந்து, கழுவேலியின் உவர்நீரும் உப்பளங்களும் சூழ்ந்த இந்த ஊரில் வந்து முடிகிறது. லாரி வருவதற்கு முன்பு மரக்காணத்து உப்பு படகேறி வடக்கே போன பாதை இதுதான். போன வாரங்களில் அந்த உப்பின் கதையைப் பார்த்தோம். இந்த வாரம் அதே பாதையில் எண்பது கிலோமீட்டர் வாக்கில் வடக்கே போகிறோம். கேளம்பாக்கத்து உப்பளங்களைத் தொட்டுக்கொண்டு கால்வாய் ஓடுகிறது. அதற்கு மேற்கே, பழைய மாமல்லபுரம் சாலையைத் தாண்டினால் சிறுசேரி. சிப்காட் தகவல் தொழில்நுட்பப் பூங்காவின் கண்ணாடிக் கட்டடங்களுக்கு நடுவே, கணினி நிறுவனம் எதற்கும் சொந்தமில்லாத ஒரு வளாகம் இருக்கிறது. அதன் பெயர் சென்னை கணிதவியல் கழகம்.

அந்தக் கழகத்தை உண்டாக்கியவர் பேராசிரியர் சி.எஸ்.சேஷாத்ரி. உலகக் கணிதத்தில் அவர் பெயர் ஒரு தேற்றத்தோடு ஒட்டியிருக்கிறது. தமிழ்நாட்டின் உயர்கல்வி வரலாற்றில் அவருக்கு இன்னொரு இடம் உண்டு. அவர் முன்வைத்த கோரிக்கை ஒரு வரியில் அடங்கிவிடும். ஆராய்ச்சி செய்கிறவர் முதலாண்டு மாணவனுக்குப் பாடம் நடத்த வேண்டும். பாடம் நடத்துகிறவர் ஆராய்ச்சி செய்ய வேண்டும். கேட்டால் யாரும் மறுக்க மாட்டார்கள். ஆனால், அதை ஒரு வகுப்பறையில் நடத்திக் காட்ட அவருக்கு அறுபது வயது தாண்ட வேண்டியிருந்தது. ஏன் அத்தனை காலம் ஆயிற்று என்பதற்கு விடை தேட, மரக்காணத்துக்குத் தெற்கே ஒரு சிறு பயணம் போய் வரலாம்.

சோழியில் கிரகணம்

மரக்காணத்துக்குத் தெற்கே கடலோரமாக முப்பது, முப்பத்தைந்து கிலோமீட்டரில் புதுச்சேரி. 1768-இல் லெ ஜாந்தி என்ற பிரெஞ்சு வானியலாளர் அங்கே வந்து தங்கினார். 1769 ஜூன் மாதம் வெள்ளிக்கோள் சூரியனைக் கடப்பதைப் பார்ப்பதுதான் அவர் வந்த வேலை. அன்று காலை மேகம் மூடிக் காரியம் கெட்டது. ஆனால், காத்திருந்த மாதங்களில் உள்ளூர்த் தமிழ்க் கணிதரிடம் கிரகணம் கணிக்கும் முறையை அவர் கற்றுக்கொண்டார். தரையில் சோழிகளை வைத்து, மனப்பாடமாக இருந்த வாய்பாடுகளைக் கொண்டு நடக்கும் கணக்கு அது. 1765 ஆகஸ்ட் 30-ஆம் தேதியின் சந்திர கிரகணத்தை அந்த முறைப்படி போட்டுப் பார்த்தார்கள். கிரகணம் நீடித்த நேரத்துக்கும் தமிழ்க் கணக்குக்கும் வித்தியாசம் 41 விநாடி. அன்றைய ஐரோப்பாவின் சிறந்த அட்டவணைகளில் ஒன்றான தோபியாஸ் மாயரின் அட்டவணைப்படி போட்டால் பிழை 68 விநாடி.

ஏறத்தாழ அறுபது ஆண்டுகளுக்குப் பிறகு அதே புதுச்சேரியில் ஜான் வாரன் இன்னொரு பஞ்சாங்கக் கணிதரைச் சந்தித்தார். பிரெஞ்சுக் குடும்பத்தில் பிறந்து ஆங்கிலேயரிடம் பணியாற்றிய வாரன், சென்னை வான் ஆய்வுக்கூடத்தைச் சில காலம் கவனித்தவர். 1825-இல் சென்னையில் அச்சான ‘கால சங்கலித’ என்ற தன் நூலில் அந்தச் சந்திப்பை எழுதி வைத்தார். அந்த ஆண்டு மே 31, ஜூன் 1 நள்ளிரவையொட்டிய சந்திர கிரகணத்தைப் பஞ்சாங்கக்காரர் சோழிகளாலேயே கணித்தார். தொடக்கத்தில் 4 நிமிடமும், நடுவில் 23 நிமிடமும், முடிவில் 52 நிமிடமும் பிசகியது. காகிதமும் எழுதுகோலும் தொடாத கணக்குக்கு இது பெரிய விஷயம்தான். ஆனால், வாரன் இன்னொன்றையும் குறித்தார். கணக்கின் பின்னால் இருக்கும் வானியல் கோட்பாடு அந்தக் கணிதருக்குத் தெரிந்திருக்கவில்லை. வழிமுறை தலைமுறை தலைமுறையாகக் கைமாறி வந்திருந்தது. காரணம் எங்கோ வழியில் உதிர்ந்துவிட்டது.

உப்பளத்திலும் இதைப் பார்க்கலாம். பாத்தி நீர் ஏறத்தாழ 25 பாமே அடர்த்தியை எட்டும்போது உப்புப் பூக்கத் தொடங்கும். 29, 30 என்று ஏறினால் கசப்பு உப்புகளும் சேரும், அதற்குள் நீரைத் திறந்துவிட வேண்டும். அனுபவமுள்ள தொழிலாளி நிறத்தையும் நுரையையும் பார்த்தே பக்குவம் சொல்லிவிடுவார். பழகிய பாத்திக்கு அது போதும். மழை முறை தவறி, நீரின் சேர்க்கையே மாறிப்போகும் ஆண்டில் ஏன் இப்படி ஆகிறது என்று தெரிந்தவர்தான் புது வழி சொல்ல முடியும். கணக்குக்கும் அந்த விதிதான். வாய்பாடு இருக்கும்வரை கிரகணம் வரும். வாய்பாடு பிசகத் தொடங்கினால், 52 நிமிடத்தைத் திருத்துகிறவர் யார்?

தேர்வு என்னும் சோழி

1857-இல் சென்னைப் பல்கலைக்கழகம் தொடங்கியபோது அதன் முக்கிய வேலை தேர்வு நடத்துவது. கல்லூரிகள் பாடம் சொல்லும். பல்கலைக்கழகம் வினாத்தாள் போட்டுப் பட்டம் கொடுக்கும். கணிதத்தில் ஆங்கிலப் பல்கலைக்கழகங்களின் பாணியில் கடினமான கணக்குகளை விரைந்து போடும் திறமைதான் முதல் வகுப்புக்கு அளவுகோல். பழைய வினாத்தாள்களைக் கரைத்துக் குடித்தவர் கரையேறினார். சோழிகள் போய்க் காகிதம் வந்தது. காரணத்தைக் கேட்க அங்கேயும் நேரமில்லை.

அந்த ஏற்பாடு யாரைத் தவறவிட்டது என்பது எல்லோருக்கும் தெரிந்த கதை. கும்பகோணம் அரசுக் கல்லூரியில் உதவித்தொகையை இழந்து, சென்னை பச்சையப்பன் கல்லூரியிலும் எஃப்.ஏ. தேறாமல் போன ராமானுஜன், 1912 மார்ச்சில் சென்னைத் துறைமுகக் கழகத்தில் மாதம் 30 ரூபாய்ச் சம்பளத்துக்கு எழுத்தரானார். 1913 மே மாதத்தில் அதே பல்கலைக்கழகம், பட்டம் இல்லாத அவருக்கு மாதம் 75 ரூபாய் ஆராய்ச்சி உதவித்தொகை கொடுத்தது. கேம்பிரிட்ஜிலிருந்து கடிதம் வந்த பிறகுதான் அது நடந்தது என்றாலும், ஒரு பெரிய கதவு திறந்தது. கணிதத்தில் புதிதாகக் கண்டுபிடிக்கவும் இந்த ஊரில் ஒருவனுக்குச் சம்பளம் கொடுக்கலாம் என்று பல்கலைக்கழகம் முதன்முறையாக ஒப்புக்கொண்டது.

அடுத்த தலைமுறையில் மாநிலக் கல்லூரியின் ஆனந்த ராவ், பல்கலைக்கழகத்தின் வைத்தியநாதசுவாமி போன்றோர் அந்தக் கதவை மூடாமல் பிடித்துக்கொண்டார்கள். ஆனந்த ராவ் கேம்பிரிட்ஜில் ஹார்டியிடம் பயின்றவர். அவரிடம் கற்றவர்களில் எஸ்.எஸ்.பிள்ளையும் கே.சந்திரசேகரனும் பெரும் பெயர் பெற்றார்கள். ஆனால், இவர்கள் ஊக்கத்தால் உருவானவர்கள் விரல்விட்டு எண்ணும் அளவுதான். பாடத்திட்டமும் தேர்வும் மாறவில்லை.

நுங்கம்பாக்கத்துப் பாதிரியார்

1937-இல் பிரான்சிலிருந்து ஓர் ஏசு சபைப் பாதிரியார் தமிழ்நாட்டுக்கு வந்தார். பெயர் சார்ல்ஸ் ராசின். பாரிஸில் எலீ கார்த்தானிடம் ஆய்வு செய்து முனைவர் பட்டம் பெற்றவர். ஆந்த்ரே வெய், ஆன்ரி கார்த்தான் போன்று அன்று பிரெஞ்சுக் கணிதத்தைத் தலைகீழாகப் புரட்டிக்கொண்டிருந்த இளைஞர்களோடு பழக்கம் உள்ளவர். முதலில் திருச்சி புனித வளனார் கல்லூரியிலும், 1939 முதல் சென்னை லயோலா கல்லூரியிலும் கணிதம் கற்பித்தார்.

ராசினின் வகுப்பு கேட்க இனிமையாக இருக்கும் என்று அவருடைய மாணவர்களே சொன்னதில்லை. தேர்வுக்குத் தேவையானதை வரிசையாக எழுதிப்போடும் பழக்கம் அவருக்கு இல்லை. நல்ல மதிப்பெண்ணுக்காக வந்த பையன்களுக்கு அவரைப் பின்தொடர்வது சிரமம். ஆனால், அவர் அறைக்குப் போன மாணவனுக்கு வேறோர் உலகம் கிடைத்தது. நவீன இயற்கணிதம் இருக்கிறது, இடவியல் இருக்கிறது, பாரிஸில் ‘பூர்பாக்கி’ என்ற பெயரில் ஒரு குழு கணிதத்தை அடித்தளத்திலிருந்து திருப்பி எழுதிக்கொண்டிருக்கிறது, அதைப் படி, இந்தப் புத்தகத்தை எடுத்துக்கொண்டு போ என்பார். பல்கலைக்கழகப் பாடத்திட்டத்தில் இந்தப் பெயர்கள் அப்போது ஒன்றுகூட இல்லை.

ராசின் தன் மாணவர்களுக்குக் காட்டிய அடுத்த வாசல் பம்பாய். 1945-இல் ஹோமி பாபா தொடங்கிய டாடா அடிப்படை ஆராய்ச்சி நிறுவனத்தில் சந்திரசேகரன் கணிதப் பள்ளியைக் கட்டி எழுப்பிக்கொண்டிருந்தார். வெளிநாட்டுப் பெரும் கணிதர்களை வரவழைத்துத் தொடர் சொற்பொழிவு நடத்தச் சொல்லி, மாணவர்களையே அதற்குக் குறிப்பு எழுத வைத்தார். லயோலாவிலிருந்து ஒருவர் பின் ஒருவராகப் போனார்கள். எம்.எஸ்.நரசிம்மன், சேஷாத்ரி, ராகவன் நரசிம்மன், சி.பி.ராமானுஜம் என்று அந்தப் பட்டியலைப் படித்தால் அது இந்தியக் கணிதத்தின் ஒரு தலைமுறைப் பட்டியல். ஒரு கல்லூரி ஆசிரியர் பாடத்திட்டத்தைத் திருத்தும் அதிகாரம் ஏதும் இல்லாமல், தன் வாசிப்பை மாணவரோடு பகிர்ந்துகொண்டதால் மட்டுமே இது நடந்தது.

செங்கற்பட்டுப் பையன்

1932 பிப்ரவரி 29-ஆம் தேதி காஞ்சிபுரத்தில் பிறந்தவர் சேஷாத்ரி. பிறந்தநாள் நான்கு ஆண்டுக்கு ஒருமுறைதான். வழக்கறிஞரான தந்தை தொழில் செய்த செங்கற்பட்டில் வளர்ந்தார். லயோலாவில் கணித ஆனர்ஸ் படித்து 1953-இல் தேறினார். அதே வகுப்பில் இருந்தவர் வட ஆர்க்காட்டுத் தண்டரை கிராமத்திலிருந்து வந்த எம்.எஸ்.நரசிம்மன். இருவரும் அதே ஆண்டில் பம்பாய்க்கு ரயிலேறினார்கள்.

சேஷாத்ரியின் முதல் பெரிய வெற்றி 1958-இல் வந்தது. பிரெஞ்சுக் கணிதர் செர் எழுப்பிய ஒரு வினாவை இரண்டு மாறிகள் உள்ள நிலையில் அவர் தீர்த்தார். அந்த வினாவுக்கு முழு விடை கிடைக்க 1976 ஆயிற்று. 1957 முதல் 1960 வரை பாரிஸில் இருந்தபோது செவாலே, செர், குரோத்தண்டீக் ஆகியோர் இயற்கணித வடிவியலைப் புதிதாக வார்ப்பதை அருகிலிருந்தே பார்த்தார். அந்தக் காலத்தில் பாரிஸில் ஒரு வாரக் கருத்தரங்கில் பேசப்பட்டது அடுத்த ஆண்டு உலகத்தின் பாடப்புத்தகமாகும்.

அவருக்குப் பெயர் வாங்கித் தந்தது 1965-இல் நரசிம்மனோடு சேர்ந்து எழுதிய கட்டுரை. கைக்குட்டை அளவு இடத்தில் அதைச் சொல்லிவிட முடியாது, என்றாலும் முயல்வோம். ஓட்டைகள் உள்ள ஒரு வளைபரப்பை நினைத்துக்கொள்ளுங்கள். அந்த ஓட்டைகளைச் சுற்றிச் சுற்றி வரும் பாதைகளை வைத்து அந்தப் பரப்பை ஆராய்வது ஒரு வகைக் கணிதம். அந்தப் பரப்பின் ஒவ்வொரு புள்ளியிலும் ஒரு வெளியை நட்டு, அவை எப்படிப் பின்னிச் செல்கின்றன என்று இயற்கணிதத்தால் ஆராய்வது இன்னொரு வகை. முதல் வகையார் பேசும் ஒருவிதப் பொருளும், இரண்டாம் வகையார் ‘நிலையான திசையன் கற்றை’ என்று பேசும் பொருளும் ஒன்றுக்கொன்று சரிக்குச் சரி பொருந்துகின்றன என்று இருவரும் நிறுவினார்கள். இரண்டு ஊருக்கு நடுவே பாலம் போட்ட வேலை. 1983-இல் சைமன் டொனால்ட்சன் இதே தேற்றத்தை வேறு வழியில் மறுபடி நிறுவினார்; அட்டியா, பாட் ஆகியோரின் பணி வழியாகத் துகள் இயற்பியலின் புலக் கோட்பாடுகளோடும் அதற்கு உறவு உண்டானது. லயோலாவில் ஒரே பெஞ்சு வரிசையில் உட்கார்ந்த இருவர், பம்பாயில் இருந்தபடி செய்த வேலை அது. 1988-இல் சேஷாத்ரி லண்டன் ராயல் கழகத்தின் உறுப்பினரானார்.

விலகிப் போன ஆராய்ச்சி

இந்த வெற்றிக்கு ஒரு விலை இருந்தது. அதைச் சேஷாத்ரி கவனித்தார் என்பதுதான் நம் கதைக்கு முக்கியம்.

சுதந்திரத்துக்குப் பிறகு இந்தியா ஆராய்ச்சிக்கென்று தனி நிறுவனங்களைக் கட்டியது. பம்பாயில் டாடா நிறுவனம். சென்னையில் அல்லாடி ராமகிருஷ்ணன் 1962 ஜனவரியில் தொடங்கிய கணித அறிவியல் நிறுவனம். நல்ல நூலகம், நல்ல சம்பளம், பாடம் நடத்தும் சுமை இல்லை. திறமையுள்ளவர்கள் அங்கே போனார்கள். போனவர்களைக் குறை சொல்ல ஏதுமில்லை. ஆனால், அவர்கள் போன பிறகு பல்கலைக்கழகத் துறைகளும் கல்லூரிகளும் ஒவ்வொன்றாக வெறிச்சோடின. பதினெட்டு வயது மாணவன் கணிதத்தைச் செய்கிற ஒருவரை நேரில் பார்க்கவே வாய்ப்பில்லாமல் போயிற்று. அவன் பார்த்ததெல்லாம் கணிதத்தை ஒப்பிக்கிறவரைத்தான். நிறுவனங்களுக்கோ, ஐந்தாண்டு தவறாகப் படித்துவிட்டு வரும் மாணவனுக்கு முதலிலிருந்து கற்பிக்க வேண்டிய நிலை. அதற்குள் கூர்மையான பலர் பொறியியலுக்குப் போய்விட்டிருந்தார்கள்.

ராசின் ஒருவரால் லயோலாவில் நடந்தது ஏன் பிற கல்லூரிகளில் நடக்கவில்லை என்பதற்கு விடை இங்கே இருக்கிறது. ராசின் தற்செயலாக வந்தவர். அந்தத் தற்செயலை ஓர் ஏற்பாடாக மாற்றுவதுதான் சேஷாத்ரி கையில் எடுத்த காரியம் என்று நான் வாசிக்கிறேன். நரசிம்மனும் தன் பங்குக்கு இதே குறையை வேறு முனையில் தொட்டார். 1983-இல் அணுசக்தித் துறையின் கீழ் உருவான தேசிய உயர்கணித வாரியத்துக்கு அவர் தலைமை ஏற்றார். உதவித்தொகை, கல்லூரி நூலகங்களுக்கு நூல்கள் என்று அந்த வாரியத்தின் கை நாட்டின் பல மூலைகளுக்கு நீண்டது.

உர நிறுவனத்தின் ஒதுக்குப்புறத்தில்

1984-இல் சேஷாத்ரி பம்பாயை விட்டுச் சென்னைக்கு வந்தார். தரமணியின் கணித அறிவியல் நிறுவனத்தில் சேர்ந்து கணிதப் பிரிவை வளர்த்தார். அங்கேயே ஓய்வுபெற்றிருந்தால் நிறைவான வாழ்க்கை என்று எழுதி முடித்திருக்கலாம். 1989-இல், 57 வயதில், புதிதாக ஒன்றைத் தொடங்கினார்.

இடம் கொடுத்தது ஸ்பிக். உப்புக்கு மரக்காணத்தையும் விஞ்சிய தூத்துக்குடியில் உரத் தொழிற்சாலை நடத்தும் தனியார் நிறுவனம் அது. ஸ்பிக் அறிவியல் அறக்கட்டளையின் ஒரு பிரிவாக, தியாகராய நகரில் ஓர் அலுவலகக் கட்டடத்தின் ஒதுக்குப்புறத்தில் கணிதப் பள்ளி பிறந்தது. அரசு நிறுவனங்களின் விதிமுறைகளுக்கு வெளியே ஒரு சின்ன இடம் கிடைத்தால் போதும், நல்ல ஆட்களைச் சேர்த்துவிடலாம் என்பது அவர் கணக்கு. கணிதர்களோடு கோட்பாட்டுக் கணினியியல் ஆட்களையும் சேர்த்தார். இரண்டும் ஒரே கூரையின் கீழ் இருக்க வேண்டும் என்ற முடிவு, பின்னாளில் அந்த நிறுவனத்தின் அடையாளமாயிற்று.

1998-இல் அவர் நெடுநாள் கேட்டுக்கொண்டிருந்தது நடந்தது. கணிதமும் கணினியியலும் சேர்ந்த பி.எஸ்சி. ஆனர்ஸ் படிப்பு தொடங்கியது. பிளஸ் டூ முடித்த பிள்ளைகள், ஆய்வுக் கட்டுரை எழுதிக்கொண்டிருக்கும் ஆட்களிடம் முதல் நாளிலிருந்தே கற்றார்கள். ராயல் கழக உறுப்பினர் ஒருவர் நடத்தும் நிறுவனத்தில் வகுப்புக்கு விரல்விட்டு எண்ணும் மாணவர்கள். ஆசிரியர் அறைக் கதவைத் தட்டி ஐயம் கேட்பது அங்கே துணிச்சல் அல்ல, வழக்கம். ராசினின் அறையில் நடந்தது இப்போது கால அட்டவணையில் ஏறிவிட்டது.

பட்டம் யார் கொடுப்பது?

படிப்பு தொடங்கியாயிற்று, பட்டம்? பட்டம் கொடுக்கும் அதிகாரம் பல்கலைக்கழகத்துக்குத்தான் உண்டு. இது பல்கலைக்கழகமும் இல்லை, இணைவு பெற்ற கல்லூரியும் இல்லை. கடைசியில் கைகொடுத்தது மத்தியப் பிரதேசத்தின் போஜ் திறந்தநிலைப் பல்கலைக்கழகம். சென்னையில் உலகத்தரக் கணிதம் படித்த பையனுக்குப் பட்டச் சான்றிதழ் போபாலிலிருந்து வந்தது.

இதைப் படித்துச் சிரிக்கலாம். ஆனால், இதில் நம் உயர்கல்வியின் முடிச்சு வெளிப்படையாகவே தெரிகிறது. கற்பிப்பது ஒருவர், தேர்வு வைப்பது ஒருவர், பட்டம் கொடுப்பது ஒருவர் என்று 1857-இல் பிரித்து வைத்த ஏற்பாட்டின் பேரன்தான் இந்தச் சிக்கல். அப்படிப்பட்ட பட்டத்தை நம்பித் தங்கள் பிள்ளையைப் பொறியியல் வாய்ப்பை விடுத்து அனுப்பிய பெற்றோரின் துணிச்சலுக்கும் இந்த வரலாற்றில் இடம் உண்டு. படித்து முடித்தவர்கள் வெளிநாட்டுப் பெரும் பல்கலைக்கழகங்களில் முனைவர் படிப்புக்கு இடம் பெறத் தொடங்கிய பிறகுதான், சான்றிதழில் எந்த ஊர் முத்திரை என்ற கேள்வி வலுவிழந்தது. பாரிஸின் எகோல் நார்மால் சுபேரியோருடன் மாணவர் பரிமாற்றமும் அமைந்தது. ராசினின் ஊர்ப்பக்கம் தமிழ்நாட்டுப் பிள்ளைகள் பாடம் கேட்கப் போனார்கள்.

இதற்கிடையே ஸ்பிக்கின் நிதி நிலை ஆட்டம் கண்டது. அணுசக்தித் துறையின் வழியே அரசு நிதி வந்து நிறுவனத்தைத் தாங்கியது. 2005-இல் சிறுசேரியில் சொந்த வளாகம். 2006-இல் நிகர்நிலைப் பல்கலைக்கழகத் தகுதி. அதற்குப் பிறகு போபாலுக்குக் கடிதம் எழுத வேண்டியிருக்கவில்லை. 2009-இல் சேஷாத்ரிக்குப் பத்மபூஷண். 2010-இல் இயக்குநர் பொறுப்பிலிருந்து இறங்கினார், கணிதத்திலிருந்து இறங்கவில்லை. கர்நாடக சங்கீதத்தில் தேர்ந்த அவர், ராகத்துக்கும் வடிவியலுக்கும் ஒரே அளவு நேரம் ஒதுக்குகிறார் என்று நண்பர்கள் கேலி செய்வதுண்டு. 2020 ஜூலை 17-ஆம் தேதி, 88 வயதில் சென்னையில் காலமானார். அடுத்த ஆண்டு மே மாதத்தில் நரசிம்மனும் மறைந்தார்.

அவர் தொடங்கியதை நாடு கவனித்தது. 2000-இல் இந்தியப் புள்ளியியல் நிறுவனம் பெங்களூரில் இளங்கலைக் கணிதப் படிப்பைத் தொடங்கியது. 2006 முதல் புனே, கொல்கத்தா என்று அறிவியல் கல்வி, ஆராய்ச்சி இரண்டையும் பெயரிலேயே சேர்த்துக்கொண்ட ஐசர் நிறுவனங்கள் எழுந்தன. இவையெல்லாம் சிறுசேரியைப் பார்த்து வந்தவை என்று சொல்வதற்கில்லை. ஆனால், தனித்தனி ஏற்பாடு சரிவராது என்று அரசும் ஒப்புக்கொள்ளும் காலம் வந்தபோது, இரண்டையும் சேர்த்து நடத்துவது நடைமுறையில் சாத்தியம் என்று காட்ட ஓர் உதாரணம் சென்னையில் ஏற்கெனவே எட்டு ஆண்டுகளாக இருந்தது.

எல்லோருக்கும் எப்போது?

சேஷாத்ரியின் சாதனையைப் பாராட்டும்போது கூடவே ஒரு கணக்கையும் போட்டுப் பார்க்க வேண்டும். விழுப்புரம் மாவட்டத்தில் எண்ணாயிரம் என்று ஓர் ஊர். முதலாம் இராசேந்திரன் காலத்துக் கல்வெட்டு ஒன்று அங்கே நடந்த கல்லூரியைப் பற்றிப் பேசுகிறது. 270 இளமாணவர், 70 முதுமாணவர், 14 ஆசிரியர். மாணவனுக்கும் ஆசிரியருக்கும் நெல் அளந்து கொடுத்தார்கள். ஆசிரியர் ஒருவருக்குச் சுமார் 24 மாணவர். இன்றும் பொறாமைப்படத்தக்க விகிதம்! ஆனால், அங்கே சொல்லித் தந்தவை வேதம், இலக்கணம், மீமாம்சை, வேதாந்தம். கிழக்கே கடலோரத்தில் உப்புக் காய்ச்சியவர் வீட்டுப் பிள்ளைக்கு அந்தத் திண்ணையில் இடம் இருந்திருக்காது.

சிறுசேரியின் வாசல் அப்படி மூடியதல்ல. அகில இந்திய நுழைவுத் தேர்வு எழுதி யாரும் வரலாம். தகுதியுள்ளவருக்குக் கட்டணச் சலுகையும் உதவித்தொகையும் உண்டு. ஆனால், வருகிறவர்கள் சிலர். அந்தத் தேர்வு கேட்கும் கணிதம் பாடப்புத்தகத்துக்கு வெளியே இருப்பது. அப்படி ஒரு தேர்வு இருக்கிறது என்று சொல்ல ஆள் இருக்கும் வீட்டுப் பிள்ளைக்குத்தான் அது எட்டும். மரக்காணத்தில் உப்பளக் கூலியாக வேலை செய்கிறவர் மகள் கணிதம் படிக்க விரும்பினால், அவள் போவது பெரும்பாலும் திண்டிவனத்து அரசுக் கல்லூரிக்கோ புதுச்சேரிக் கல்லூரிகளுக்கோதான். அவள் தகுதியில் குறைந்தவள் என்று எந்தத் தேற்றமும் சொல்லவில்லை.

அந்தக் கல்லூரிகளில் என்ன நிலை? தமிழ்நாட்டு அரசுக் கலைக் கல்லூரிகளின் வகுப்புகளில் பெரும்பங்கைக் கௌரவ விரிவுரையாளர்கள் தாங்குகிறார்கள். அவர்களில் பலர் முனைவர் பட்டம் பெற்றவர்கள். ஆண்டுக்கு ஆண்டு பணி நீட்டிப்புக்குக் காத்திருக்கும் ஒருவர், வகுப்புக்கு மேல் வகுப்பு எடுத்துவிட்டு, எப்போது உட்கார்ந்து ஒரு புதிய கட்டுரையைப் படிப்பார்? ஆராய்ச்சி செய்யும் ஆசிரியர் வேண்டும் என்று பேசுவதற்கு முன்னால், ஆசிரியருக்கு நிலையான வேலையும் கையில் கொஞ்சம் நேரமும் நூலகமும் வேண்டும். சேஷாத்ரி தன் நிறுவனத்தில் முதலில் கட்டியவை இவைதான். கட்டடம் பதினாறு ஆண்டு கழித்து வந்தது.

அவருடைய கோரிக்கையைப் பெரும் மேதைகளுக்கான சலுகை என்று படிப்பவர்கள் உண்டு. அப்படிப் படித்தால் சிறுசேரியோடு கதை முடிந்துவிடும். ராசினிலிருந்து படித்தால் வேறு பொருள் கிடைக்கிறது. அவர் ஒரு சாதாரணக் கல்லூரியில், பிறர் வகுத்த பாடத்திட்டத்துக்கு உள்ளே, தானும் படித்துக்கொண்டிருந்த ஆசிரியர். அவ்வளவுதான். அந்த ஒன்று அமைந்ததும் தண்டரையிலிருந்தும் செங்கற்பட்டிலிருந்தும் வந்த பிள்ளைகள் என்ன செய்தார்கள் என்று உலகம் பார்த்துவிட்டது. திண்டிவனத்துக் கல்லூரிக்கு நாம் ஒரு நிறுவனத்தைத் தூக்கிக்கொண்டு போக வேண்டியதில்லை. அங்கே ஏற்கெனவே இருக்கும் கணித ஆசிரியருக்குப் படிக்க நேரம் கொடுத்தால், தொடங்குவதற்கு அது போதும்.

(கால்வாய் இன்னும் வடக்கே போகும். அடுத்த வாரம்: முட்டுக்காட்டில் நின்ற சரக்குப் படகுகள்)